மொட்டை மாடியிலிருந்து முதல் ஷாட்

ஐயப்பன்தாங்கல் பஸ் டெப்போவில் ஏறி உட்கார்ந்தால் போரூர், வளசரவாக்கம், விருகம்பாக்கம், சாலிகிராமம், வடபழனி என்று ஆற்காடு சாலை நெடுகத் தமிழ் சினிமாவின் பட்டறைகள் வந்துகொண்டே இருக்கும். எதிர்ப்பக்கம் பூந்தமல்லியைத் தாண்டினால் ஈவிபி ஃபிலிம் சிட்டி. விஷுவல் எஃபெக்ட்ஸ் (விஎஃப்எக்ஸ்) வேலைக்குப் போக ஆசைப்படும் ஒருவருக்கு இதைவிட வசதியான ஊர் குறைவு. ஆனால் பஸ் ஏறும் முன் கையில் ஒன்று இருக்க வேண்டும்: முடித்த ஷாட்.

எத்தனை சாஃப்ட்வேர் தெரியும் என்று பயோடேட்டாவில் பத்துப் பெயர்களை அடுக்குவதால் வேலை கிடைப்பதில்லை. நாலு வினாடி ஷாட் ஒன்றைக் குறையில்லாமல் முடித்துக் காட்டுபவருக்குத்தான் அடுத்த நாற்காலி. இந்த அத்தியாயத்தில் அப்படி மூன்று ஷாட்களை உங்கள் வீட்டிலும் தெருவிலும் நீங்களே செய்து முடிக்கப் போகிறீர்கள். அதன் பிறகு ஷோரீல், வேலை தேடுதல், முதல் மாதம்.

## எந்த நாற்காலி யாருடையது

ஒரு ஷாட் பல கைகள் மாறும். எடுத்த காட்சிக்குப் பெயர் பிளேட். அதில் தேவையில்லாததை அழிப்பவர் பெயின்ட் ஆர்ட்டிஸ்ட். ஆளைப் பின்னணியிலிருந்து கோடு போட்டுப் பிரிப்பவர் ரோட்டோ ஆர்ட்டிஸ்ட். கேமரா எப்படி நகர்ந்தது என்று கண்டுபிடிப்பது மேட்ச்மூவ். உருவம் செய்வது மாடலிங், எலும்பு கொடுப்பது ரிக்கிங், நடக்கவைப்பது அனிமேஷன். தீ, புகை, வெள்ளம் எல்லாம் எஃப்எக்ஸ். பிறகு லைட்டிங். கடைசியில் எல்லாவற்றையும் ஒட்டே தெரியாமல் ஒன்றாக்குபவர் காம்பாசிட்டர், சுருக்கமாக காம்ப்.

புதிதாக வருபவர்களுக்குப் பெரும்பாலும் பெயின்ட், ரோட்டோ, மேட்ச்மூவ் ஆகிய மூன்று கதவுகள்தான் திறக்கும். இவற்றைச் சின்ன வேலை என்று நினைக்காதீர்கள். 1994-ல் வந்த ‘காதலன்’ படத்தில் ஆள் மறைந்து உடை மட்டும் ஆடும் காட்சி நினைவிருக்கும். அந்தப் படத்தின் ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்கு வெங்கிக்குத் தேசிய விருது கிடைத்தது. ஆளை அழிப்பது பாதி வேலை. ஆள் நின்ற இடத்தில் பின்னால் என்ன இருந்ததோ அதைக் கொண்டுவருவது மீதிப் பாதி. இன்றைக்கும் பெயின்ட் என்றால் அதுதான்.

## என்ன வேண்டும்

- 16 ஜிபி ரேம் உள்ள கம்ப்யூட்டரில் தொடங்கலாம். 32 இருந்தால் நிம்மதி. முதல் ஷாட் முடியும் வரை புதிதாக எதையும் கடனில் வாங்காதீர்கள்.
- ஒரு எஸ்எஸ்டி, தனியாக ஒரு பேக்கப் டிஸ்க்.
- பிளெண்டர் என்ற 3டி சாஃப்ட்வேர். முழுக்க இலவசம். 2025-ல் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கரை வென்ற ‘ஃப்ளோ’ இதில் செய்ததுதான்.
- காம்ப் செய்வதற்கான நியூக் சாஃப்ட்வேரின் நான்-கமர்ஷியல் பதிப்பு. இதுவும் இலவசம். படம் 1920-க்கு 1080 அளவைத் தாண்டாது, காசு வாங்கும் வேலைக்குப் பயன்படுத்தக் கூடாது. பழக இது போதும்.
- போனும், அதை நிறுத்த ஒரு ஸ்டாண்டும்.

கிராக் செய்த சாஃப்ட்வேரைப் பென்டிரைவில் யாராவது கொடுத்தால் வாங்காதீர்கள். அதோடு வரும் வைரஸ் உங்கள் ஆறு மாத வேலையை ஒரே இரவில் பூட்டிவிடும்.

## முதல் ஷாட்: கேபிள் ஒயரை அழிப்பது

நம் பக்கத்து மொட்டை மாடி எதிலிருந்து பார்த்தாலும் வானத்தின் குறுக்கே நாலு கேபிள் ஒயராவது போகும். அதில் ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். அந்த ஒயர் கொஞ்சம் வானத்தின் மேலும், கொஞ்சம் எதிர்வீட்டுச் சுவரின் மேலும், முடிந்தால் கொஞ்சம் வேப்பமரத்தின் மேலும் போகும்படி ஃப்ரேம் வையுங்கள். மூன்றும் மூன்று விதமான கஷ்டம். ஒரே ஷாட்டில் மூன்றையும் பழகிவிடலாம்.

1. படம் எடுங்கள். காலை 7 மணி வெளிச்சம் நல்லது. வினாடிக்கு 24 ஃப்ரேம். எக்ஸ்போஷர், ஃபோகஸ் இரண்டையும் லாக் செய்யுங்கள். போனின் ஸ்டெபிலைசரை அணைத்துவிடுங்கள். அது படத்தின் ஓரங்களை நெளிக்கும். கையில் பிடித்து லேசான அசைவோடு நாலு வினாடி போதும். 96 ஃப்ரேம்.

*எச்சரிக்கை:* கைப்பிடிச் சுவர் மேல் ஏறி நிற்காதீர்கள். மின்கம்பி பக்கம் செல்ஃபி ஸ்டிக்கை நீட்டாதீர்கள். டிரோனும் வேண்டாம். மீனம்பாக்கம் விமான நிலையம் எட்டிப் பிடிக்கும் தூரத்தில் இருக்கிறது.

2. தனித்தனிப் படங்களாகப் பிரியுங்கள். வீடியோ ஃபைலை அப்படியே வைத்து வேலை செய்யாமல், ஃப்ரேம் ஒன்றுக்குப் படம் ஒன்றாக ஏற்றுமதி செய்துகொள்ளுங்கள். எண்ணை 1001-லிருந்து தொடங்குங்கள். ஸ்டுடியோக்களின் வழக்கம் அது. முன்னால் எட்டு ஃப்ரேம் கூட்டிக் கேட்டால் 993 என்று போடலாம். 1-ல் தொடங்கியிருந்தால் மைனஸில் போய் நிற்பீர்கள்.

3. அசைவை நிறுத்துங்கள். சுவரில் ஒரு கறை, ஜன்னல் மூலை என்று ஒயருக்கு அருகே அசையாத புள்ளி ஒன்றை டிராக் செய்து, அதை வைத்து ஷாட்டை ஸ்டெபிலைஸ் செய்யுங்கள். இப்போது சுவர் நிற்கும்.

4. ஒரே ஒரு ஃப்ரேமைச் சுத்தம் செய்யுங்கள். குளோன் பிரஷை ஒயரைவிடச் சற்றே அகலமாக வையுங்கள். ஒயரை ஒட்டி மேலிருந்தும் கீழிருந்தும் எடுத்து நிரப்புங்கள். பிளர் போட்டு மறைக்கும் எண்ணமே வரக் கூடாது.

5. அந்தச் சுத்தமான பகுதியை மட்டும் வெட்டுங்கள். ஒயர் போகும் பாதையில் குறுகலாக ஒரு மாஸ்க். அதை 96 ஃப்ரேமுக்கும் நிறுத்தி வைத்து, 3-வது படியில் எடுத்த அசைவைத் திருப்பிக் கொடுங்கள். ஒட்டு சுவரோடு சேர்ந்து நகரும்.

6. கிரெய்னை, அதாவது படத்தில் பொடிப்பொடியாகத் துள்ளும் இரைச்சலைத் திருப்பிக் கொடுங்கள். இந்தப் படியைத்தான் எல்லோரும் விடுவார்கள். நானும் விட்டேன். என் முதல் ஒயர் ஷாட் நாலு முறை திரும்பி வந்தது. கம்ப்யூட்டர் திரையில் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. கடைசியில் சூப்பர்வைசர் என்னைப் பக்கத்தில் உட்காரவைத்துக் காமாவை (படத்தின் நடு வெளிச்சத்தை) மெல்ல ஏற்றினார். சுவர் முழுக்கக் கிரெய்ன் பொடிப்பொடியாகக் கொதித்துக்கொண்டிருக்க, ஒயர் இருந்த இடத்தில் மட்டும் ஒரு கோடு செத்துக் கிடந்தது. ஒரே ஃப்ரேமை 96 முறை காட்டினால் அதில் இருக்கும் கிரெய்னும் உறைந்துபோகும். ஆகவே ஒட்டிய பகுதியில் இருக்கும் கிரெய்னை முதலில் நீக்கி, பிளேட்டின் கிரெய்னுக்குப் பொருந்துவதைப் புதிதாகச் சேருங்கள். சிவப்பு, பச்சை, நீலம் மூன்றையும் தனித்தனியாகப் பாருங்கள். போன் படங்களில் நீலத்தில்தான் இரைச்சல் பெரும்பாலும் அதிகம்.

7. உங்களை நீங்களே சோதியுங்கள். காமாவை ஏற்றி ஒரு முறை, இறக்கி ஒரு முறை ஓடவிடுங்கள். பிறகு முடித்த படத்திலிருந்து அசல் படத்தைக் கழியுங்கள். ஒயர் இருந்த இடம் மட்டும்தான் மிஞ்ச வேண்டும். வேறெங்காவது ஏதாவது மின்னினால் தொடக் கூடாத இடத்தைத் தொட்டிருக்கிறீர்கள்.

வானத்தில் மேகம் நகர்ந்து வெளிச்சம் மாறினால் ஒரு ஒட்டு போதாது. 24 ஃப்ரேமுக்கு ஒன்றாக நாலைந்து செய்து, ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மெல்லக் கரையவிடுங்கள். வேப்பமரம்தான் நிஜமான சோதனை. இலை ஒவ்வொன்றும் தனக்கென்று ஆடும். கொத்துக் கொத்தாகப் பிரித்து, கொத்துக்கு ஒரு டிராக், கொத்துக்கு ஒரு சின்ன ஒட்டு என்று போங்கள். இந்த மரம் இரண்டு வாரம் எடுத்துக்கொண்டாலும் பரவாயில்லை.

## இரண்டாவது ஷாட்: ரோட்டோ

பஸ் ஸ்டாண்டில் போகிறவர் வருகிறவரைக் கேட்காமல் எடுக்காதீர்கள். வீட்டில் தம்பியோ தங்கையோ இருந்தால் மாடியில் குறுக்கே நடக்கச் சொல்லுங்கள். அதில் கை வந்ததும் அம்மா கொடியில் புடவை காயப்போடுவதை எடுங்கள். ஈரப் புடவை காற்றில் அடிக்கும் அந்த ஓரத்தைப் பிரித்துவிட்டீர்கள் என்றால் ரோட்டோ டெஸ்ட்டுக்குப் பயப்பட வேண்டியதில்லை.

1. கோடு போடும் முன் ஷாட்டைப் பத்து முறை ஓட்டிப் பாருங்கள். எது எதன் முன்னால் போகிறது என்று தாளில் எழுதுங்கள்.
2. ஆளை ஒரே வடிவமாகச் சுற்றி வளைக்காதீர்கள். தலை, உடம்பு, மேல்கை, முன்கை, தொடை, கெண்டைக்கால் என்று மூட்டுக்கு மூட்டு பிரியுங்கள். ஒன்றன் மேல் ஒன்று கொஞ்சம் ஏறி நிற்கட்டும்.
3. புள்ளிகளைக் குறைவாக வையுங்கள். முழங்கையில் வைத்த புள்ளி கடைசி வரை முழங்கையிலேயே இருக்க வேண்டும். புள்ளி வழுக்கினால் ஓரம் நடுங்கும்.
4. ஃப்ரேம் ஃப்ரேமாகக் கீஃப்ரேம் போடாதீர்கள். குதிகால் தரையைத் தொடும் ஃப்ரேம், கால்கள் ஒன்றை ஒன்று கடக்கும் ஃப்ரேம், கை திரும்பும் ஃப்ரேம் என்று அசைவு திசை மாறும் இடங்களில் முதலில். பிறகு இரண்டுக்கும் நடுவில். தேவைப்பட்டால் மட்டும் அதற்கும் நடுவில்.
5. வேகமாக அசையும் கை மங்கலாக இருக்கும். அந்த மங்கலின் நடுவில் கோடு போடுங்கள். பிறகு வடிவத்துக்கு மோஷன் பிளர் கொடுங்கள்.
6. பிரித்த ஆளைத் தட்டையான சிவப்பு நிறத்தின் மேல் வைத்து முழு வேகத்தில் ஓட்டுங்கள். கொதிக்கும் ஓரம் கண்ணில் தானாகப் படும்.

ரோட்டோவைத் தானாகவே போடும் கருவிகள் வந்துவிட்டன, இனி எதற்குக் கற்க வேண்டும் என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். கருவி போட்ட மேட், அதாவது பிரித்த வடிவம், தலைமுடியிலும் விரல் இடுக்கிலும் புடவைத் தலைப்பிலும் தடுமாறுகிறது. அது எங்கே தவறியது என்று பார்த்தவுடன் சொல்லவும் திருத்தவும் தெரிந்த கண் வேண்டும். அந்தக் கண் கையால் போட்டுத்தான் வரும். ஆனால் ஐந்து வருடம் ரோட்டோவிலேயே உட்காராதீர்கள். சேர்ந்த முதல் வருடமே மாலையில் ஒரு மணி நேரம் காம்ப் பழகத் தொடங்கிவிடுங்கள்.

## மூன்றாவது ஷாட்: மெட்ரோ தூணும் மேட்ச்மூவும்

மவுண்ட்–பூந்தமல்லி சாலையின் நடுவே வரிசையாக நிற்கும் மெட்ரோ தூண்கள் மேட்ச்மூவுக்கு நல்ல பாடம். நடைபாதையில் இருந்தபடியே எடுங்கள். தடுப்புக்குள் போகாதீர்கள், சாலையில் பின்பக்கமாக நடந்தபடி எடுக்காதீர்கள். கூட ஒருவர் நின்று வண்டி வருவதைப் பார்த்துச் சொல்லட்டும்.

1. நின்ற இடத்திலிருந்து கேமராவைத் திருப்பினால் மட்டும் போதாது. பத்தடியாவது பக்கவாட்டில் மெல்ல நடங்கள். அருகே இருப்பது வேகமாகவும் தூரத்தில் இருப்பது மெதுவாகவும் நகரும் அந்த வித்தியாசத்தை வைத்துத்தான் கம்ப்யூட்டர் ஆழத்தைக் கணக்கிடும். வேகமாகத் திருப்பினால் போன் கேமராவில் தூண்கள் சாய்ந்து பதியும்.
2. எடுத்த இடத்தில் ஒரு அளவை டேப்பால் எடுத்து எழுதி வையுங்கள். நடைபாதைக் கல் ஒன்றின் நீளம் போதும்.
3. பிளெண்டரில் ஷாட் முழுக்க எட்டு டிராக்காவது எப்போதும் உயிரோடு இருக்கும்படி வையுங்கள். பதினைந்து, இருபது இருந்தால் நல்லது. தரையிலும் தூரத்திலும் பரவலாக.
4. பஸ், ஆட்டோ, இலை, நிழல் இவற்றின் மேல் புள்ளி வைக்காதீர்கள். முன்னால் இருக்கும் கம்பத்தின் விளிம்பும் பின்னால் இருக்கும் கட்டடத்தின் விளிம்பும் வெட்டும் இடம் மூலை மாதிரி தெரியும். அது பொய்யான மூலை.
5. தூண்கள் அச்சடித்த மாதிரி ஒன்றுபோல் இருப்பதால் டிராக் ஒரு தூணிலிருந்து அடுத்த தூணுக்குத் தாவிவிடும். அதனால் தூணின் விளிம்பை விட்டு, அதில் ஒட்டிய போஸ்டர் கிழிசல், கறை, பெயின்ட் சொட்டு இவற்றைப் பிடியுங்கள்.
6. கேமரா அசைவைக் கணக்கிடும் சால்வ் செய்ததும் காட்டும் பிழை ஒரு பிக்ஸலுக்குள் வரட்டும். அரை பிக்ஸலுக்குக் கீழே என்றால் இன்னும் நல்லது. எண்ணை மட்டும் நம்பாமல் தரையில் ஒரு சிஜி கனசதுரத்தை நிறுத்தி ஓட்டுங்கள். அது வழுக்கினால் சால்வ் தவறு.

கனசதுரம் நின்றுவிட்டால் அதன் இடத்தில் ஒரு பொருளை வைத்து, நிழல் கொடுத்து, பிளேட்டின் கிரெய்னைச் சேர்த்து முடியுங்கள். டைனோசர் வேண்டாம். ஒரு தண்ணீர் கேன் போதும். உண்மையான கேன் என்று பார்ப்பவர் நினைத்தால் வென்றீர்கள்.

தொழில்முறைக் கேமராவில் எடுத்த பிளேட் வேண்டுமானால், பிளெண்டர் அமைப்பு 2012-ல் வெளியிட்ட ‘டியர்ஸ் ஆஃப் ஸ்டீல்’ குறும்படத்தின் அசல் காட்சிகள் பொதுப் பயன்பாட்டுக்குக் கிடைக்கின்றன.

## ஷோரீல்

உங்கள் ஷாட்களைக் கோத்துக் காட்டும் வீடியோதான் ஷோரீல். ஒரு நிமிடம் போதும். ஒன்றரையைத் தாண்ட வேண்டாம். மிக நல்ல ஷாட் முதலில். ஒவ்வொன்றுக்கும் முடித்த படம், பிறகு அசல், பிறகு நடுவில் செய்த படிகள். மூலையில் இந்த ஷாட்டில் நீங்கள் என்ன செய்தீர்கள் என்று ஒரு வரி. இரண்டு நல்ல ஷாட்டும் ஒரு சுமாரான ஷாட்டும் இருந்தால் சுமாரானதை எடுத்துவிடுங்கள்.

வகுப்பில் எல்லோருக்கும் கொடுத்த அதே பயிற்சி ஷாட்டைப் போடாதீர்கள். பார்ப்பவர் அதே வாரம் முப்பது பேரிடம் அதைப் பார்த்திருப்பார். இன்னொருவர் வேலையை உங்களுடையது என்று ஒருபோதும் வைக்காதீர்கள். இந்தத் தொழிலில் எல்லோரும் எல்லோருக்கும் தெரிந்தவர்கள்.

## பணம் கேட்கும் இடங்களில்

முறையான படிப்பு வேண்டுமென்றால் முதலில் அரசு வாசலைத் தட்டுங்கள். தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் அனிமேஷன், விஷுவல் எஃபெக்ட்ஸ் பட்டப் படிப்பு இருக்கிறது. வரைவதில் ஆசை அதிகமென்றால் எழும்பூர் அரசு கவின் கலைக் கல்லூரி. தனியார் வகுப்பில் சேர்ந்தால் கட்டணத்தைத் தவணையாகக் கட்டுங்கள். முழுத் தொகையையும் முன்னால் கட்டினால் தள்ளுபடி என்று சொன்னாலும் வேண்டாம். முன்பு படித்தவர்களின் ரீலைக் கேட்டுப் பாருங்கள். காட்டத் தயங்கினால் எழுந்து வந்துவிடுங்கள்.

வேலைக்குப் போகும் இடத்தில் இவற்றைக் கவனியுங்கள்.

- டெபாசிட் கேட்டால் அது வேலை இல்லை.
- அசல் சான்றிதழ்களைக் கொடுக்காதீர்கள். நகல் போதும்.
- டெஸ்ட் ஷாட் ஒன்று, இரண்டு சரி. பத்து நாள் பத்து ஷாட் என்று போனால் அது டெஸ்ட் அல்ல, சம்பளமில்லாத வேலை. என் நண்பர் ஒருவர் டெஸ்ட் என்று கொடுத்ததைப் பிறகு தியேட்டரில் பார்த்தார்.
- ஆஃபர் லெட்டரில் சம்பளத் தேதி, பிஎஃப், வேலை நேரம், பாண்ட் எத்தனை மாதம் என்பதெல்லாம் எழுத்தில் இருக்கட்டும். பெண்களுக்கு இரவுப் பணி இருந்தால் வீட்டு வாசல் வரை வண்டி உண்டா என்பதும்.

பெரிய பெயரை மட்டும் நம்பி இருக்கவும் முடியாது. பாண்டிச்சேரியில் ஒரு பகுதி எடுக்கப்பட்ட ‘லைஃப் ஆஃப் பை’ 2013 பிப்ரவரியில் விஷுவல் எஃபெக்ட்ஸுக்கு ஆஸ்கர் வாங்கியபோது, அந்தப் படத்தின் புலியைச் செய்த ரிதம் அண்ட் ஹியூஸ் நிறுவனம் அதே மாதம் திவால் மனு கொடுத்திருந்தது. 2025 பிப்ரவரியில், விஎஃப்எக்ஸ் ஸ்டுடியோக்களை நடத்திய டெக்னிகலர் குழுமம் சரிந்தது. பெங்களூரிலும் மும்பையிலும் வேலை பார்த்தவர்கள் திடீரென்று தெருவுக்கு வந்தார்கள். திறமையில் அவர்களுக்கு ஒரு குறையும் இல்லை. சேர்ந்த முதல் மாதத்திலிருந்தே ஒரு தொகையைத் தனியாக ஒதுக்குங்கள். ஆறு மாத வீட்டுச் செலவு சேரும் வரை புது போன், புது வண்டி எதுவும் வேண்டாம்.

## உடம்பு, கரன்ட், மழை

- 20 நிமிடத்துக்கு ஒரு முறை 20 அடிக்கு அப்பால் 20 வினாடி பாருங்கள். இருட்டு அறையில் வேலை செய்பவருக்கு இது மருந்து.
- மணிக்கட்டு மேஜை விளிம்பில் அழுந்தக் கூடாது. கட்டை விரலோ மணிக்கட்டோ விண்விண் என்று வலித்தால் அன்றே நிறுத்தி மருத்துவரைப் பாருங்கள். தள்ளிப்போட்டு மாதக்கணக்கில் மவுஸ் பிடிக்க முடியாமல் போனவர்களைத் தெரியும்.
- யுபிஎஸ் இல்லாமல் ரெண்டர் போடாதீர்கள்.
- போரூர் ஏரியை ஒட்டிய நம் பகுதியில் மழைக்காலத்தில் தண்ணீர் வீட்டுக்குள் வரும் தெருக்கள் பல. தரைத்தளத்தில் இருப்பவர்கள் சிபியுவையும் யுபிஎஸ்ஸையும் அக்டோபரிலேயே மேஜை உயரத்துக்கு ஏற்றிவிடுங்கள். தண்ணீர் ஏறத் தொடங்கினால் முதலில் மெயின் சுவிட்சை அணையுங்கள், கம்ப்யூட்டர் பிறகு. பேக்கப் டிஸ்க் ஒன்றை வேறு வீட்டில், முடிந்தால் மாடியில் இருக்கும் உறவினரிடம் கொடுத்து வையுங்கள்.

## முதல் மாதம்

தினமும் டெய்லிஸ் நடக்கும். உங்கள் ஷாட்டை எல்லோர் முன்னாலும் பெரிய திரையில் ஓட்டிக் குறை சொல்வார்கள். நோட்டுப் புத்தகத்தோடு போங்கள். சொன்னதை ஃப்ரேம் எண்ணோடு எழுதுங்கள். புரியவில்லை என்றால், வெளியே வந்ததும் லீடிடம் “அண்ணா, 1042-ல் ஓரம் கடினமாக இருக்கிறது என்றீர்களே, எந்தப் பக்கம்?” என்று கேட்டுவிடுங்கள். கேட்காமல் யூகித்துச் செய்தால் ஒரு நாள் போய்விடும்.

ஸ்டுடியோ திரையைப் போனில் படம் எடுக்காதீர்கள். வெளிவராத படத்தின் ஒரு ஃப்ரேம் வாட்ஸ்அப்பில் போனாலும் வேலை போகும், வழக்கும் வரும். படம் வெளிவந்த பிறகு ரீலில் வைத்துக்கொள்ள எழுத்தில் அனுமதி கேளுங்கள்.

ஃபைலுக்குப் பெயர் வைப்பதில் ஸ்டுடியோ விதியை ஒரு எழுத்துகூட மாற்றாதீர்கள். ஷாட் எண், வேலை, வெர்ஷன் எண். ‘ஃபைனல்’, ‘புது ஃபைனல்’ என்றெல்லாம் வைக்கக் கூடாது. பழைய வெர்ஷன் எதையும் அழிக்காதீர்கள். ஏழாவது வெர்ஷனைப் பார்த்துவிட்டு, “மூணாவதுதான் நல்லா இருந்தது, அதையே அனுப்பிடுங்க” என்று இயக்குநர் சொல்வது இங்கே சாதாரணம்.